ஆறாம் கேமராவில் அப்பா

டோக்கியோ
நவம்பர் 8, 1995

அப்பாவுக்கு,

குளிர் தொடங்கிவிட்டது, உடம்பைப் பார்த்துக்கொள்ளுங்கள் என்று ஆரம்பிப்பதுதான் மரியாதை. அப்படி ஆரம்பித்த இரண்டு தாள்களைக் கிழித்துப் போட்டாயிற்று. பதினோரு வருடமாகப் புத்தாண்டு அட்டையைத் தவிர வேறெதுவும் எழுதாதவள் திடீரென்று உங்கள் உடம்பைப் பற்றிக் கவலைப்பட்டால் உங்களுக்கே சிரிப்பு வரும். நேராக விஷயத்துக்கு வருகிறேன்.

நான் ஒரு படத்தொகுப்புக் கூடத்தில் வேலை பார்க்கிறேன். மூன்று வருடமாகிறது. அம்மா உங்களிடம் சொல்லியிருக்க மாட்டாள். போன வாரம் பாடகி ஷிரானே யோகோவின் முப்பதாம் ஆண்டுக் கச்சேரிப் படம் எங்களிடம் வந்து சேர்ந்தது. செப்டம்பரில் இரண்டு நாள், ஒன்பது கேமரா வைத்து எடுத்தது. எல்லா நாடாக்களையும் முதலிலிருந்து கடைசிவரை ஓட்டிப் பார்த்து, எந்த நொடியில் என்ன இருக்கிறது என்று குறிப்பெடுப்பது என் பொறுப்பு. ஆறாம் கேமராவின் நாடாவைப் போட்டேன். நீங்கள் நின்றுகொண்டிருந்தீர்கள்.

பேஸ் கிட்டார் பக்கம் ஒரு கண் இருக்கட்டும் என்று யாரோ அந்தக் கேமராக்காரரிடம் சொல்லியிருக்கிறார்கள். அவரும் சொன்ன சொல் தட்டாமல் இரண்டு மணி நேரம் உங்களையே எடுத்திருக்கிறார். மறுநாளும் அப்படியே. சின்ன வயதில் என்னிடம் 83ஆம் வருடப் படத்தின் வீடியோ இருந்தது. அதில் நீங்கள் பதினான்கு நொடி வருவீர்கள். அந்த இடத்தையே நிறுத்தி நிறுத்திப் பார்த்ததில் நாடா தேய்ந்து, கடைசியில் உங்கள் முகம் வரவேண்டிய இடத்தில் வெறும் புள்ளிகள்தான் வந்தன. இப்போது நான்கு மணி நேரத்துக்கு அப்பா. வீட்டில் இருந்த காலத்தில்கூட ஒரே மூச்சில் இவ்வளவு நேரம் உங்களை நான் பார்த்ததில்லை.

கூடத்தில் யாருக்கும் நான் உங்கள் மகள் என்று தெரியாது. அம்மாவின் குடும்பப் பெயரைத்தான் வைத்திருக்கிறேன். ஒகுமுரா என்று கூப்பிடுகிறார்கள், வேலை வாங்குகிறார்கள். அதில் குறையில்லை.

ஒன்று மட்டும் கேட்க வேண்டும். உங்கள் இடது கை மோதிர விரலுக்கு என்ன ஆயிற்று?

சயோ


நீகாத்தா, விடுதி
நவம்பர் 15

சயோவுக்கு,

உன் கடிதம் என் வீட்டுக்குப் போய், அங்கிருந்து மேனேஜர் கைக்கு வந்து, மத்தியானம் ஒத்திகையில் என்னிடம் சேர்ந்தது. உறையின் மேல் பெயரைப் பார்த்ததும் உன் அம்மாவுக்கு ஏதோ ஆகிவிட்டது என்று நினைத்துவிட்டேன். ஒத்திகை நடுவிலேயே பிரித்துப் படித்தேன். அடுத்த தடவை உறையின் பின்பக்கம் "எல்லாரும் நலம்" என்று எழுதிவிடு.

விரலுக்கு ஒன்றுமில்லை. ஐம்பத்து நான்கு வயதில் மனிதனுக்கு எல்லாம் கொஞ்சம் கோணல்மாணலாகத்தான் இருக்கும்.

படத்தொகுப்பா! நல்ல வேலையாகத்தான் பிடித்திருக்கிறாய். நான் ஷிரானே சானிடம் சேர்ந்து பத்தொன்பது வருடம். இதுவரை ஏழு கச்சேரிப் படம், இரண்டு ஆவணப் படம். முதல் படத்தில் என் இடது காது நான்கு நொடி வந்தது. ஊரில் எல்லாருக்கும் சொல்லிவிட்டேன், திரையரங்குக்குப் போன என் அண்ணன் காதை அடையாளம் தெரியாமல் திரும்பி வந்துவிட்டான். 89ஆம் வருட ஆவணப் படத்துக்காக என்னை நாற்பது நிமிடம் பேட்டி எடுத்தார்கள். இசை என்றால் என்ன, மேடை என்றால் என்ன என்று நானும் விளாசித் தள்ளினேன். படத்தில் நான் "ஆமாங்க" என்று தலையாட்டுவது மட்டும் இருந்தது. எதற்கு ஆமாம் என்று இன்றுவரை எனக்கே தெரியாது. அதே படத்தில் ஷிரானே சானின் சாப்பாட்டுப் பெட்டியைத் தூக்கிக்கொண்டு போவேன், கீழே "ஊழியர்" என்று எழுத்து ஓடும்.

நீ நிறுத்தி நிறுத்திப் பார்த்த அந்தப் பதினான்கு நொடியின் கதை தெரியுமா? திறந்தவெளிக் கச்சேரி. பாடிக்கொண்டிருந்த ஷிரானே சானின் வாயில் கொசு புகுந்துவிட்டது. அவர் இருமி முடிக்கும்வரை காட்ட வேறு முகம் இல்லாமல் என்னைக் காட்டினார்கள். உங்கள் தொழிலில் அதற்கு "தப்பிக்கும் ஷாட்" என்று பெயராமே. படத்தில் நான் நீளமாக வந்தேன் என்று யாராவது கைகுலுக்க வந்தால் எனக்கு உடனே தெரிந்துவிடும், அந்த இடத்தில் ஷிரானே சான் எதையோ கோட்டை விட்டிருக்கிறார். இப்போது அவருக்கும் ஐம்பத்திரண்டு ஆகிறது. ஒரு வருடமாகப் படகுத்துறைப் பாட்டின் இரண்டாம் சரணத்தில் வார்த்தை மறக்கிறார். எப்போதும் அதே இடம்தான். மைக்கைக் கூட்டத்தின் பக்கம் நீட்டிவிட்டுச் சிரித்துச் சமாளித்துவிடுகிறார். ஒரு வாரப் பத்திரிகையில்கூட எழுதிவிட்டார்கள், ஓய்வெடுக்கும் வேளை வந்துவிட்டது என்று. பாவம்.

அந்த இரண்டு நாளும் நான் போட்டிருந்த கறுப்புச் சட்டை ஒன்றேதான், கவனித்தாயா? இரண்டு நாள் படத்தையும் வெட்டி ஒட்டும்போது உடுப்பு மாறக் கூடாது என்று கண்டிப்பு. விடுதித் தொட்டியில் துவைத்து, தலை உலர்த்தும் கருவியால் காயவைத்தேன்.

மூன்று வருடமாக இந்த வேலையில் இருக்கிறாய், எனக்கு இன்றுதான் தெரிகிறது. போகட்டும்.

அப்பா


டோக்கியோ
நவம்பர் 21

அப்பா,

எல்லாரும் நலம். உறையிலும் எழுதியிருக்கிறேன்.

உங்கள் கடிதத்தைப் படித்துச் சிரித்தேன். பிறகு கோபம் வந்தது. நீங்கள் இப்படித்தான். அம்மாவும் நீங்களும் பிரிந்த அன்றைக்கும் ஏதோ வேடிக்கையாகச் சொல்லிவிட்டுத்தான் கிட்டார் பெட்டியைத் தூக்கிக்கொண்டு போனீர்கள். என் பள்ளி இறுதி விழாவுக்கு வரவில்லை, பதிலுக்குக் கச்சேரி அனுமதிச் சீட்டு அனுப்பினீர்கள். தூணுக்குப் பின்னால் இருக்கை. அதையும் வேடிக்கையாக எழுதியிருந்தீர்கள்.

விரலுக்கு ஒன்றுமில்லை என்று என்னிடம் சொல்லாதீர்கள். நான் பார்ப்பதற்காகவே சம்பளம் வாங்குகிறவள். நீங்கள் கம்பியில் கை வைத்ததும் அந்த விரல் தானாக மடங்கி உள்ளங்கைக்குள் போய்விடுகிறது. மற்ற மூன்று விரலை வைத்துக்கொண்டு கழுத்து முழுவதும் ஓடுகிறீர்கள். இரண்டு பாட்டுக்கு நடுவில் அதை நீவி விடுகிறீர்கள், யாரும் பார்க்காதபடி கிட்டாருக்குப் பின்னால் வைத்து. ஆறாம் கேமரா பக்கவாட்டில் இருந்தது, அதற்குத் தெரிந்துவிட்டது.

இப்போது நான் எழுத வந்தது இதுதான். படகுத்துறைப் பாட்டை விடவே முடியாது, அதற்காகத்தான் பாதிப் பேர் படம் பார்க்க வருவார்கள். சாதாரணமாக ஒரு நாள் தவறினால் மறுநாளிலிருந்து எடுத்து ஒட்டிவிடுவோம். இந்தத் தடவை இரண்டு நாளும் அதே இடத்தில் ஷிரானே சான் பாடவில்லை. இயக்குநர் நுகுயி சான் ஒன்பது கேமராவையும் அலசிவிட்டுச் சொல்லிவிட்டார்: இருபத்திரண்டு நொடி, தப்பிக்கும் ஷாட், பேஸ்காரரின் இடது கை, திரை முழுக்க. அவருக்கு அது பிடித்துப்போய்விட்டது. உழைத்த கை என்கிறார்.

அந்த இருபத்திரண்டு நொடியில் உங்கள் விரல் இரண்டு தடவை மடங்குகிறது. வாசிக்கத் தெரிந்த எவருக்கும் புரிந்துவிடும். உங்கள் குழுத் தலைவருக்குப் புரியும். வசந்தகாலச் சுற்றுப்பயணத்துக்கு ஆள் எடுக்கிறவர் அவர்தானே?

என்ன செய்யட்டும்? பத்தாம் தேதிக்குள் முடிவாகிவிடும். வேடிக்கை வேண்டாம், பதில் எழுதுங்கள்.

சயோ


கனசாவா
நவம்பர் 28

சயோ,

சரி, வேடிக்கை இல்லாமல் எழுதுகிறேன்.

ஒன்றரை வருடமாக இருக்கிறது. வலி கிடையாது. சாப்பிடும்போது குச்சி பிடிக்கிறேன், சட்டைப் பொத்தான் போடுகிறேன், அப்போதெல்லாம் விரல் ஒழுங்காக இருக்கிறது. கிட்டாரைத் தொட்டால் மட்டும் மடங்குகிறது. ஒரு மருத்துவர் கழுத்து எலும்பு என்றார், இன்னொருவர் மனசு என்றார். மூன்றாமவர் வாசிப்பதை நிறுத்துங்கள் என்றார். அவரிடம் அதற்குப் பிறகு போகவில்லை.

யாரிடமும் சொல்லவில்லை. எங்கள் தொழிலில் பாடுகிறவருக்குத் தொண்டை கட்டினால் ஊரே காத்திருக்கும். பின்னால் நிற்கிறவனுக்கு ஒரு விரல் போனால் அடுத்த வாரம் அந்த இடத்தில் வேறொருவன் நிற்பான், கூட்டத்துக்கு வித்தியாசம்கூடத் தெரியாது. நான் அதைக் குறையாகச் சொல்லவில்லை. நானும் அப்படி ஒருவருடைய இடத்துக்குத்தான் வந்தேன். அவர் பெயர் இப்போது எனக்கு நினைவில்லை. அதுதான் பயமாக இருக்கிறது.

படகுத்துறைப் பாட்டின் இரண்டாம் சரணத்தில் மேளம், பியானோ எல்லாம் நின்றுவிடும். நான்கு வரிக்கு அவர் குரலும் என் பேஸும் மட்டும். கீழிருந்து மேலே ஏற வேண்டும், நான்கு விரலும் வேண்டும். அந்த இடம் வந்தாலே எனக்குக் கை வியர்த்துவிடும். கடவுள் புண்ணியத்தில் அதே இடத்தில் அவருக்கு வார்த்தை மறக்கிறது. கூட்டம் பாடுகிற சத்தத்தில் என் தப்பு யார் காதிலும் விழுவதில்லை. இதை எழுதவே வெட்கமாக இருக்கிறது. ஒரு வருடமாக நான் அவருடைய மறதியை நம்பிப் பிழைக்கிறேன்.

அந்தக் கையைக் காட்டாதே. கண்ணைத் துடைத்துக்கொள்ளும் ஒரு ரசிகையைப் போடு. எல்லாக் கச்சேரியிலும் அப்படி ஒருவர் இருப்பார். இந்த ஒரு சுற்றுப்பயணம் மட்டும் நான் வாசித்துவிடுகிறேன். வாசிக்காவிட்டால் காலையில் எழுந்து என்ன செய்வேன் என்று எனக்குத் தெரியவில்லை, சயோ. வேறெதையும் நான் கற்றுக்கொள்ளவில்லை. நல்ல அப்பனாக இருக்கக்கூடக் கற்றுக்கொள்ளவில்லை.

தூணுக்குப் பின்னால் இருக்கை என்று எனக்குத் தெரியாது. கேட்டபோது நல்ல இடம் என்றுதான் சொன்னார்கள். மன்னித்துவிடு.

அப்பா


டோக்கியோ
டிசம்பர் 9

அப்பா,

உங்கள் கடிதத்தை மூன்று தடவை படித்தேன். பிறகு கண்ணைத் துடைக்கும் ரசிகையைத் தேடி உட்கார்ந்தேன். அவர் இருக்கிறார், இரண்டாம் நாள், எட்டாம் கேமரா. அவரைச் சரியான நொடியில் பொருத்துவதற்காக ஒவ்வொரு வாத்தியத்தின் ஒலியையும் தனித்தனியாகக் கேட்க வேண்டியிருந்தது. ஷிரானே சானின் முகத்தை நேராக எடுத்த முதல் கேமராவை ஒரு திரையிலும், உங்களை இன்னொரு திரையிலும் ஓடவிட்டேன். பொறுமையாகப் படியுங்கள்.

முதல் நாள். நீங்கள் மேலே ஏறத் தொடங்குகிறீர்கள், விரல் மடங்குகிறது, இரண்டு சுரம் விழுந்துவிடுகிறது. ஷிரானே சான் பாடிக்கொண்டுதான் இருக்கிறார், வார்த்தை சரியாக வந்துகொண்டிருக்கிறது. உங்கள் சுரம் விழுந்த பிறகுதான் பாதி வரியில் நிறுத்துகிறார். இடது பக்கம் ஒரு பார்வை. மைக்கை நீட்டிவிட்டுச் சிரிக்கிறார். அரங்கம் பாடுகிறது.

இரண்டாம் நாள். நீங்கள் இன்னும் அந்த இடத்தை ஆரம்பிக்கவே இல்லை. அதற்குள் மைக் கூட்டத்தின் பக்கம் போய்விட்டது. உதட்டைப் பார்த்தேன். மைக் இல்லாமல் நான்கு வரியையும் அவர் கூடவே பாடுகிறார், ஒரு சொல்கூடத் தப்பவில்லை. கண் முழுக்க உங்கள் பக்கம்தான் இருக்கிறது. நீங்கள் குனிந்து கையையே பார்த்துக்கொண்டிருக்கிறீர்கள்.

அப்பா, அவருக்கு எதுவும் மறக்கவில்லை.

அன்று இரவு திரும்பத் திரும்ப ஓட்டிப் பார்த்தேன். மறுநாள் நுகுயி சானிடம் போய், அந்தப் பேஸ்காரர் என் அப்பா என்றேன். மூன்று வருடமாக மறைத்ததற்குத் திட்டுவார், படத்திலிருந்து என்னை எடுத்துவிடுவார் என்று நினைத்தேன். அவர் இரண்டு திரையையும் ஓட்டச் சொன்னார். பிறகு பேஸை மட்டும் தனியாகக் கேட்டார். கேட்டு முடித்ததும் சொன்னார்.

"ஒகுமுரா, இதுல தப்பிக்க வேண்டியது ஒண்ணுமில்ல. அவங்க மொகத்த விட்டு எங்கயும் போகாத."

அப்படியே வைத்துவிட்டோம். இருபத்திரண்டு நொடியும் ஷிரானே சானின் முகம். மறந்ததைக் கூட்டத்தோடு சேர்ந்து பாடிச் சமாளிக்கிறார் என்றே பார்க்கிறவர்கள் நினைப்பார்கள். உங்கள் கை வரவில்லை. உங்கள் காதுகூட வரவில்லை. நீங்கள் கேட்டபடி ஆயிற்று, யாருக்கும் தெரியப்போவதில்லை. வசந்தகாலத்துக்கும் நீங்கள் தாராளமாகப் போகலாம்.

ஆனால் பத்திரிகையில் அவரைப் பற்றி எழுதினார்களே, அதை அவரும் படித்திருப்பார் இல்லையா?

சயோ


ஹிரோஷிமா
டிசம்பர் 19

சயோ,

உன் கடிதத்தை ரயிலில் படித்தேன். இறங்க வேண்டிய ஊரில் இறங்காமல் உட்கார்ந்திருந்தேன். மேளக்காரர் வந்து தோளைப் பிடித்து இறக்கினார்.

மூன்று நாள் ஒன்றும் செய்யவில்லை. பேசாமல் இருந்துவிடலாம் என்றுதான் முதலில் தோன்றியது, உன்னிடம் மறைத்து என்ன ஆகப்போகிறது. அவருக்குத் தெரியும், எனக்கும் தெரியும், இரண்டு பேரும் வாய் திறக்காமல் இன்னும் ஒரு வருடம் ஓட்டிவிடலாம். மூன்றாம் நாள் மேடையில் அந்த இடம் வந்தது. இந்தத் தடவை கையைப் பார்க்காமல் அவரைப் பார்த்தேன். நீ சொன்னபடியேதான். மைக் கூட்டத்திடம், வார்த்தை அவர் உதட்டில், கண் என் மேல். நான் பார்ப்பதைப் பார்த்ததும் சட்டென்று முகத்தைத் திருப்பிக்கொண்டார், திருட்டுத்தனமாக இனிப்பைத் தின்று மாட்டிக்கொண்டவர் மாதிரி.

மறுநாள் காலையில் அவர் அறைக்குப் போனேன். கஞ்சி குடித்துக்கொண்டிருந்தார். பத்தொன்பது வருடத்தில் நானாக அவர் அறைக் கதவைத் தட்டியது அதுதான் முதல் முறை. விரலைக் காட்டினேன். எனக்காக நீங்கள் ஏன் கெட்ட பெயர் வாங்க வேண்டும் என்று கேட்டேன்.

"தொமா சான், நான் ஒளறினப்பல்லாம் இத்தனை வருஷமா ஒங்கள காட்டித்தான் என்ன காப்பாத்தினாங்க. கொசு முழுங்கினதுலேர்ந்து எல்லாத்துக்கும் நீங்கதான் முன்னால நின்னீங்க. நாலு வரி நான் மறந்தாப்பல இருந்தா என்ன கொறஞ்சிடும்?"

 அவர் கஞ்சியைத் தள்ளி வைத்துவிட்டு, நீங்களாக வந்து சொல்வீர்கள் என்று ஒரு வருடமாகக் காத்திருந்தேன், நானாகக் கேட்டால் அன்றைக்கே விலகிவிடுவீர்கள் என்று பயம் என்றார். அது உண்மைதான், விலகியிருப்பேன். பிறகு அவருக்கே உரிய குரலில் அதட்டினார்.

"மொதல்ல கைய பாருங்க. எனக்கு எண்பது வயசு வரைக்கும் இதே எடத்துல மறதி வந்துக்கிட்டிருந்தா, என்ன ஆஸ்பத்திரியில கொண்டு சேத்துடுவாங்க."

அழுவதா சிரிப்பதா என்று தெரியாமல் இரண்டையும் செய்தேன். குழுத் தலைவரிடம் நானே சொல்லிவிட்டேன். வசந்தகாலத்துக்கு ஒரு பெண்ணை எடுத்திருக்கிறார்கள். இருபத்தெட்டு வயது, நான்கு விரலும் வேலை செய்கிறது, நன்றாகவே வாசிக்கிறாள். இலையுதிர்காலத்தில் விரல் சம்மதித்தால் வரலாம் என்றார்கள். சம்மதிக்காவிட்டால் என்ன என்று யாரும் பேசவில்லை.

இசைக்காரர்களின் கையை மட்டும் பார்க்கிற மருத்துவர் ஒருவர் டோக்கியோவில் இருக்கிறாராம். வாரம் மூன்று நாள் போக வேண்டும். பக்கத்தில் மலிவாக அறை ஏதாவது கிடைக்குமா என்று விசாரித்துச் சொல்கிறாயா? உனக்கு வேலை இருக்கும், அவசரமில்லை.

அப்பா


டோக்கியோ
டிசம்பர் 23

அப்பா,

விசாரித்தேன். நாகானோ மாவட்டத்தில் பிறந்து, படத்தொகுப்புக் கூடத்தில் வேலை பார்க்கும் ஒரு பெண் இருக்கிறாள். ஆறு பாய் அளவு அறை. சமையல் சுமார். அந்த மருத்துவமனைக்கு ஒரே பேருந்து.

கிட்டாரை எடுத்து வராதீர்கள் என்று சொல்ல நினைத்தேன். எடுத்து வாருங்கள், இல்லாவிட்டால் உங்கள் கைக்கு எங்கே இருப்பதென்று தெரியாது. புத்தாண்டு அரிசி உருண்டையும் சூப்பும் நான் செய்கிறேன். முதல் தேதிக்குள் வந்துவிடுங்கள், இந்த வருடம் நான் அட்டை போடப்போவதில்லை.

சயோ


ஃபுகுவோகா
ஏப்ரல் 14, 1996

சயோவுக்கு,

மூன்றரை மாதம் உன் அறையில் காலை மடக்கிப் படுத்துவிட்டு, இந்த விடுதிக் கட்டிலில் நீட்டிப் படுத்தால் தூக்கம் வரவில்லை. உன் குறட்டைச் சத்தமும் இல்லை. கோபப்படாதே, நீ குறட்டை விடுகிறாய். உன் அம்மாவும் விடுவாள், நான் அவளிடம் சொன்னதே இல்லை.

விரல் பயிற்சியை விடவில்லை. மருத்துவர் தந்த ரப்பர் பந்தை ரயிலில் அமுக்கிக்கொண்டே வந்தேன். நேற்று கிட்டாரில் எழுபது சுரம் வரை மடங்காமல் போயிற்று, எழுபத்தொன்றில் மடங்கிவிட்டது. இலையுதிர்காலம் வரை என்ன ஆகும் என்று யாரும் சொல்ல முடியாது. ஆனால் காலையில் எழுந்து என்ன செய்வது என்ற பயம் இப்போது முன்னைப்போல் இல்லை.

சுற்றுப்பயணத்தின் முதல் நாள் கச்சேரிக்கு வரச் சொல்லி ஷிரானே சான் அனுமதிச் சீட்டு அனுப்பியிருந்தார் அல்லவா. பன்னிரண்டாம் வரிசை, நட்ட நடு இருக்கை. எதிரே தூண் இல்லை, எழுந்து நின்று சரிபார்த்தேன். என்ன செய்வதென்று தெரியாமல் கையை மடியில் வைத்துக்கொண்டு உட்கார்ந்தேன். விளக்கு அணைந்தது. அவர் வந்தார். இத்தனை வருடமும் எனக்குத் தெரிந்ததெல்லாம் அவர் பின்னங்கழுத்தும் இடது தோளும்தான். முன்னால் இருந்து பார்த்தால் அவர் ஒவ்வொரு பாட்டுக்கும் ஒவ்வொரு ஆளாக மாறிவிடுகிறார். இதைப் பார்க்கத்தான் இவ்வளவு பேர் வரிசையில் நின்றார்களா என்று இப்போதுதான் புரிந்தது.

அந்தப் பெண் நன்றாக வாசித்தாள். கொஞ்சம் பொறாமையாக இருந்தது, கொஞ்சம்தான்.

படகுத்துறைப் பாட்டு வந்தது. இரண்டாம் சரணம். மேளம் நின்றது, பியானோ நின்றது. கூட்டம் பாடுவதற்குத் தயாராக மூச்சை இழுத்தது, ஒரு வருடப் பழக்கம். அவர் மைக்கை நீட்டவில்லை. இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டு நான்கு வரியையும் அவரே பாடினார். ஒரு சொல்லைக்கூட விடவில்லை. அதை ஒரு வருடமாக அவர் எனக்காக வாய்க்குள்ளேயே வைத்திருந்திருக்கிறார்.

நான் அழுதுவிட்டேன், சயோ. சத்தம் வேறு வந்துவிட்டது. பக்கத்து இருக்கையில் குமாமோத்தோவிலிருந்து வந்த ஒரு அம்மாள், என் வயதுதான் இருக்கும், கைக்குட்டையை எடுத்து என் மடியில் வைத்தார். பாட்டு முடிந்து கைதட்டல் அடங்கியதும் மெதுவாகக் கேட்டார்.

"மொத தடவையா இவங்க கச்சேரிக்கு வர்றீங்களா?"

ஆமாங்க என்றேன்.

அப்பா